கட்சி மாறுவது வேறு, காட்டிக்கொடுப்பது வேறு: பெனடிக்ட் ஆர்னால்ட் கதை

அமெரிக்காவில் ஒருவரைப் பார்த்து "நீ ஒரு பெனடிக்ட் ஆர்னால்ட்" என்று சொன்னால் கைகலப்பே வரலாம். 240 வருடம் தாண்டியும் அந்தப் பெயருக்கு அங்கே துரோகி என்ற ஒரே அர்த்தம்தான். ஆனால் இந்தக் கதையைப் புதிதாகப் படிக்க வருகிறவர்களுக்கு ஆரம்பத்திலேயே ஒரு குழப்பம் வரும், எனக்கும் வந்தது. ஆர்னால்ட் யாரை விட்டுப் போனார்? பிரிட்டிஷ் ஆட்சியை எதிர்த்துக் கிளம்பிய அமெரிக்கப் புரட்சிப் படையை. யாரிடம் போனார்? பிரிட்டிஷ் மன்னரிடம். அந்தப் புரட்சிப் படையில் இருந்த பெரும்பாலானவர்கள் பிரிட்டிஷ் மன்னரின் குடிமக்களாகத்தானே பிறந்தார்கள்? ஜார்ஜ் வாஷிங்டனே இளம் வயதில் பிரிட்டிஷ் தரப்பில் நின்று பிரெஞ்சுக்காரர்களோடு போரிட்டவர். 1776 சுதந்திரப் பிரகடனத்தில் கையெழுத்துப் போட்ட 56 பேரும் பிரிட்டிஷ் சட்டப்படி ராஜத்துரோகிகள், தோற்றிருந்தால் தூக்குக் கயிறுதான். அப்படியிருக்க, அந்தக் கூட்டத்திலிருந்து ஒருவர் மன்னரிடமே திரும்பிப் போனால் அவர் மட்டும் எப்படித் துரோகி ஆவார்?

"ஜெயித்தவன் எழுதுவதுதானே வரலாறு" என்று பலர் இதற்குப் பதில் சொல்கிறார்கள். எனக்கு அந்தப் பதில் போதவில்லை. ஏனென்றால் அந்தப் போரில் மன்னர் பக்கம் நின்ற அமெரிக்கர்கள் பல்லாயிரம் பேர். ஜோசப் கேலோவே என்று ஒருவர் இருந்தார், பென்சில்வேனியாவின் பெரிய அரசியல்வாதி. 1774-இல் காலனிகளின் பிரதிநிதிகள் கூடிய முதல் காண்டினென்டல் காங்கிரஸில் உட்கார்ந்தவர், அப்புறம் விடுதலை என்ற பேச்சு தனக்கு ஒத்துவராது என்று 1776 கடைசியில் வெளிப்படையாகவே பிரிட்டிஷ் பக்கம் போய்ச் சேர்ந்தார். சொத்தைப் பறித்தார்கள், திட்டினார்கள், எல்லாம் நடந்தது. ஆனால் அவருடைய பெயர் வசைச்சொல் ஆகவில்லை. இன்று வரலாறு படிக்கிறவர்களைத் தவிர அவரை யாருக்கும் தெரியாது. ஆக, பக்கம் மாறியதற்காக மட்டும் ஆர்னால்டை யாரும் இவ்வளவு வெறுக்கவில்லை. அவர் செய்தது வேறொன்று. அது புரிய வேண்டுமானால் அவர் எவ்வளவு பெரிய வீரர் என்பது முதலில் தெரிந்தாக வேண்டும்.

1741 ஜனவரியில் கனெக்டிகட் காலனியின் நார்விச் என்ற ஊரில் பிறந்தவர். அப்பா வியாபாரத்தில் நொடித்துப் போய்க் குடியில் விழுந்தார், பையனின் பள்ளிப் படிப்பு நின்றது, அம்மா வழிச் சொந்தக்காரர்களின் மருந்துக்கடையில் தொழில் பழக அனுப்பிவிட்டார்கள். வளர்ந்ததும் நியூ ஹேவன் நகரில் சொந்தக் கடை போட்டார், மருந்தும் விற்றார், புத்தகமும் விற்றார். பிறகு கப்பல் வாங்கி மேற்கிந்தியத் தீவுகளுக்கும் கனடாவுக்கும் தானே சரக்கு ஓட்டினார். கடைசி வரைக்கும் அவருக்குள் ஒரு வியாபாரி உட்கார்ந்து வரவு, பற்று, பாக்கி என்று கணக்குப் போட்டுக்கொண்டே இருந்தார், இதை ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

1775 ஏப்ரலில் பாஸ்டன் பக்கத்தில் முதல் துப்பாக்கிச் சத்தம் கேட்டது. நியூ ஹேவன் ஊர்ப்படைக்கு அப்போது ஆர்னால்ட்தான் கேப்டன். வெடிமருந்துக் கிடங்கின் சாவியைத் தர ஊர்ப் பெரியவர்கள் தயங்க, சாவி வராவிட்டால் கதவை உடைத்து எடுத்துக்கொள்வோம் என்று நின்றார். சாவி வந்தது. அடுத்த மாதம் 10-ஆம் தேதி ஈத்தன் ஆலன் என்பவரோடு சேர்ந்து டைகோண்டரோகா கோட்டையைப் பிடித்தார். யார் தலைவர் என்று அங்கேயே இரண்டு பேருக்கும் தகராறு. இப்படி முதலில் வீரம், பின்னாலேயே ஒரு மனக்கசப்பு என்றுதான் அவருடைய ராணுவ வாழ்க்கை முழுக்கப் போனது.

அந்த வருடக் கடைசியில் நடந்த கியூபெக் பயணத்தைக் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். கனடாவைப் பிடித்துவிட்டால் பிரிட்டிஷாருக்கு வடக்கில் இடமிருக்காது என்பது திட்டம். யாரும் எதிர்பார்க்காத வழியில், மெயின் (Maine) என்ற வடகிழக்குப் பகுதியின் காடுகளுக்குள் புகுந்து போகிறேன் என்று ஆர்னால்ட் 1,100 பேரோடு செப்டம்பரில் கிளம்பினார். கையில் இருந்த வரைபடத்தின்படி 180 மைல், நடந்து பார்த்தபோது அது ஏறக்குறைய இரண்டு மடங்கு. படகுகளை அவசரத்தில் காயாத பச்சை மரத்தில் செய்திருந்தார்கள், ஆற்றில் இறக்கியதும் ஒழுக ஆரம்பித்து மாவும் வெடிமருந்தும் நனைந்து கெட்டன. அருவி வரும் இடமெல்லாம் படகைத் தோளில் தூக்கிக்கொண்டு சேற்றில் நடந்தார்கள். மழை, வெள்ளம், அப்புறம் பனி. பாதி வழியில் ஒரு பிரிவு அதன் தளபதியோடு ஊருக்குத் திரும்பிவிட்டது. மிச்சம் இருந்தவர்கள் தோல் காலணியை வேகவைத்துத் தின்றார்கள், மெழுகுவர்த்தியைக் கரைத்துக் கஞ்சியாகக் குடித்தார்கள், ஒரு கேப்டன் ஆசையாக வளர்த்த நாயும் பானைக்குள் போனது. நவம்பரில் கியூபெக் பக்கம் போய்ச் சேர்ந்தபோது சுமார் 600 பேர்தான் இருந்தார்கள். ஆர்னால்ட் முன்னால் ஓடிப் போய் பிரெஞ்சுக் குடியானவர்களிடம் மாடும் மாவும் வாங்கிப் பின்னால் வருகிறவர்களுக்கு அனுப்பினார். அந்தச் சாப்பாட்டினால்தான் பல பேர் பிழைத்தார்கள், கூடப் போன சிப்பாய்களே இதை நாட்குறிப்பில் எழுதி வைத்திருக்கிறார்கள்.

பலருடைய ஒப்பந்தக் காலம் வருடக் கடைசியோடு முடிகிறது, மறுநாள் ஊருக்குப் போய்விடுவார்கள். அதனால் டிசம்பர் 31 விடியும் முன்னே, பனிப்புயலுக்கு நடுவில் கோட்டையைத் தாக்கினார்கள். தாக்குதல் தோற்றது. இன்னொரு பக்கமிருந்து வந்த தளபதி மான்ட்கோமரி செத்துப்போனார். ஆர்னால்டின் இடது காலில் குண்டு பாய்ந்தது. அந்தக் காலோடு மருத்துவமனையில் படுத்துக்கொண்டு, கைத்துப்பாக்கியைப் படுக்கையில் வைத்தபடி, முற்றுகையைக் கைவிட மாட்டேன் என்றார்.

அடுத்த வருடம் அக்டோபரில் சாம்ப்ளெய்ன் ஏரியில் புதிதாகக் கட்டிய சிறு கப்பல்களை வைத்துக்கொண்டு பிரிட்டிஷ் கப்பல் படையோடு மோதினார். கப்பல்கள் பெரும்பாலும் போய்விட்டன, தோல்விதான். ஆனால் அந்தச் சண்டைக்குத் தயாராவதிலேயே பிரிட்டிஷ் படை கோடை முழுவதையும் செலவழித்துவிட்டது, ஜெயித்த பிறகும் குளிர் வந்துவிட்டதே என்று கனடாவுக்குத் திரும்பிப் போனது. புரட்சிக்கு ஒரு வருடம் கிடைத்தது. நிறையப் பேர் அவருடைய தரைச் சண்டைகளைத்தான் கொண்டாடுகிறார்கள், எனக்கு இந்த ஏரிச் சண்டைதான் பெரிது.

இவ்வளவுக்கும் பிறகு 1777 பிப்ரவரியில் காங்கிரஸ் என்ன செய்தது தெரியுமா? ஐந்து பேருக்கு மேஜர் ஜெனரல் பதவி கொடுத்தது, ஐந்து பேரும் ஆர்னால்டுக்கு இளையவர்கள். காரணம் திறமை இல்லை, மாநிலக் கணக்கு. கனெக்டிகட்டுக்கு ஏற்கனவே இரண்டு மேஜர் ஜெனரல்கள் இருக்கிறார்கள், மூன்றாவது எதற்கு என்றார்கள். சீனியாரிட்டி என்பது அரசாங்க வேலை பார்த்தவர்களுக்குச் சொல்லாமலே புரியும், ராணுவத்தில் அது இன்னும் பெரிய விஷயம், நேற்று வரை தனக்கு சல்யூட் அடித்தவருக்கு இன்று தான் அடிக்க வேண்டும். ஏப்ரலில் பிரிட்டிஷார் கனெக்டிகட்டுக்குள் புகுந்தபோது ஆர்னால்ட் ஊர்க்காரர்களைத் திரட்டிக்கொண்டு போய்ச் சண்டை போட்டார், அவர் ஏறியிருந்த குதிரை குண்டடிபட்டு விழுந்தது. அதைப் பார்த்துப் பதவி கொடுத்தார்கள், ஆனால் சீனியாரிட்டியைத் திருப்பித் தரவில்லை. அந்த ஐந்து பேருக்குக் கீழேதான் அவர். ஜூலையில் ராஜினாமா எழுதிக் கொடுத்தார். அதே நேரத்தில் வடக்கிலிருந்து பர்கோய்ன் என்ற பிரிட்டிஷ் தளபதி பெரும்படையோடு இறங்கி வர, அங்கே ஆர்னால்ட் தேவை என்று வாஷிங்டனே எழுதினார். ராஜினாமாவை ஒதுக்கி வைத்துவிட்டுக் கிளம்பினார்.

பர்கோய்னோடு மோதிய இடம் சரடோகா. செப்டம்பர் 19-இல் ஒரு சண்டை, அக்டோபர் 7-இல் இன்னொன்று. நடுவில் மேலதிகாரி கேட்ஸோடு பெரும் சண்டை, கேட்ஸ் தன் அறிக்கையில் ஆர்னால்டின் பெயரையே எழுதாமல் விட்டதில் தொடங்கி, கடைசியில் படைப்பொறுப்பையும் பிடுங்கிக்கொண்டார். அக்டோபர் 7 அன்று ஆர்னால்டுக்கு அதிகாரமும் இல்லை, உத்தரவும் இல்லை. சத்தம் கேட்டதும் பொறுக்க முடியாமல் குதிரையில் ஏறிக் களத்துக்குள் பாய்ந்தார். சிப்பாய்கள் அவரைப் பார்த்ததும் பின்னால் ஓடினார்கள். எதிரியின் வலது கோடியில் ஜெர்மன் கூலிப்படை காத்துக்கொண்டிருந்த மண்கோட்டைக்குள் பின்பக்கமாக நுழையும்போது குண்டு பட்டது. அதே இடது கால். குதிரையும் செத்து அந்தக் காலின் மேலேயே விழுந்து எலும்பு நொறுங்கியது. காலை எடுத்துவிடலாம் என்ற மருத்துவர்களை விடவில்லை, மாதக்கணக்கில் ஆல்பனி மருத்துவமனையில் மரச்சட்டத்துக்குள் காலைக் கட்டிக்கொண்டு கிடந்தார். கால் பிழைத்தது, ஆனால் இரண்டு அங்குலம் குட்டையாகிவிட்டது. அக்டோபர் 17-இல் பர்கோய்ன் ஏறக்குறைய 6,000 பேரோடு சரணடைந்தார். அந்தச் செய்தியைக் கேட்டுத்தான் பிரான்ஸ் துணிந்து 1778 பிப்ரவரியில் அமெரிக்காவோடு உடன்படிக்கை போட்டது. பிரான்ஸின் பணமும் கப்பலும் இல்லாமல் இந்த விடுதலை கிடைத்திருக்குமா என்பது சந்தேகமே.

அந்த இடத்தில் 1887-இல் ஒரு நினைவுக்கல் வைத்தார்கள். கல்லில் செதுக்கியிருப்பது ஒரு பூட்ஸ், ஒற்றைக் கால் பூட்ஸ். காண்டினென்டல் படையின் மிகச் சிறந்த வீரர் இங்கே படுகாயம் அடைந்தார் என்று எழுத்து இருக்கிறது. பெயர் இல்லை.

சரி, இப்படிப்பட்ட ஆள் ஏன் போனார்?

காயம் ஆறாத அவரை 1778 ஜூனில் பிலடெல்பியா நகரத்துக்கு ராணுவப் பொறுப்பாளராக வாஷிங்டன் நியமித்தார். பிரிட்டிஷார் அப்போதுதான் காலி செய்துவிட்டுப் போன ஊர். சம்பளம் ஒழுங்காக வருவதில்லை, கியூபெக் பயணத்துக்குக் கைக்காசு போட்டுச் செலவழித்ததைக் காங்கிரஸ் திருப்பித் தரவில்லை. இந்த மனக்குறையில் நியாயம் உண்டு, ஒளிக்க வேண்டியதில்லை. ஆனால் அவர் அங்கே செய்த காரியங்களில் நியாயம் இல்லை. ராணுவக் கட்டளையால் ஊர்க் கடைகளை மூடச் சொல்லிவிட்டு, அதே நேரத்தில் சரக்கை வாங்கி லாபம் பார்க்க ரகசிய ஒப்பந்தம் போட்டார். ஒரு தனியார் கப்பலுக்கு அனுமதிச் சீட்டுக் கொடுத்துவிட்டு அதன் சரக்கில் பங்கு வாங்கிக்கொண்டு, அதைக் கொண்டுவர அரசாங்க வண்டிகளை அனுப்பினார். மாளிகை, கோச்சு வண்டி, விருந்து என்று தலைக்கு மேல் கடன். பென்சில்வேனியா நிர்வாகத்தின் தலைவர் ஜோசப் ரீட் 1779 பிப்ரவரியில் எட்டுக் குற்றச்சாட்டுகளை வெளியிட்டார். என் பெயரைத் தெளிவாக்க ராணுவ விசாரணை வையுங்கள் என்று ஆர்னால்டே கேட்டார், அது தள்ளிக்கொண்டே போனது.

அந்த ஏப்ரலில் அவருக்கு இரண்டாவது கல்யாணம். முதல் மனைவி 1775-லேயே இறந்துபோயிருந்தார். பெண் பெக்கி ஷிப்பன், வயது 18, ஆர்னால்டுக்கு 38. ஊரைப் பிரிட்டிஷார் பிடித்து வைத்திருந்த காலத்தில் பெக்கியின் குடும்பத்துக்குப் பழக்கமான இளம் அதிகாரிகளில் ஒருவர் ஜான் ஆண்ட்ரே. படம் வரைவார், நாடகம் போடுவார், எல்லோருக்கும் பிடித்த ஆள். இப்போது நியூயார்க்கில் பிரிட்டிஷ் தலைமைத் தளபதி ஹென்றி கிளிண்டனின் உளவு வேலையை அவர்தான் பார்க்கிறார்.

கல்யாணம் ஆகி ஒரு மாதம், மே மாதத்தில், ஜோசப் ஸ்டான்ஸ்பரி என்ற பீங்கான் பாத்திர வியாபாரி பிலடெல்பியாவிலிருந்து நியூயார்க்குக்குப் போய் ஆண்ட்ரேயைப் பார்த்தார். ஆர்னால்ட் தயார் என்பது செய்தி. ராணுவ விசாரணைத் தீர்ப்பினால் மனம் உடைந்து போனார் என்று பல இடங்களில் எழுதுகிறார்கள், அது தப்பு, தேதியைப் பாருங்கள். விசாரணை நடந்ததே அந்த டிசம்பரில்தான். தீர்ப்பு 1780 ஜனவரியில் வந்தது, பெரும்பாலானவற்றில் விடுதலை, அந்தக் கப்பல் சீட்டும் வண்டியும் மட்டும் தவறு, ஒரு கண்டனம் போதும் என்றார்கள். வாஷிங்டன் ஏப்ரலில் கண்டனத்தை வெளியிட்டார். அதற்குள் ஆர்னால்ட் எதிரியோடு கடிதம் எழுத ஆரம்பித்து ஒரு வருடம் ஆகப் போகிறது.

கடிதம் எழுதிய விதத்தையும் சொல்ல வேண்டும். இரண்டு பேரிடமும் ஒரே புத்தகத்தின் ஒரே பதிப்பு இருக்கும், முதலில் ஒரு சட்டப் புத்தகம், பிறகு ஒரு அகராதி. எழுத வேண்டிய சொல் எந்தப் பக்கம், எந்த வரி, எத்தனையாவது சொல் என்று மூன்று எண்ணாக எழுதிவிடுவார்கள். சாதாரணக் குடும்பக் கடிதத்தின் வரிகளுக்கு இடையே கண்ணுக்குத் தெரியாத மையில் இந்த எண்கள் இருக்கும், நெருப்பில் காட்டினாலோ அமிலம் தடவினாலோ எழும்பி வரும். பெக்கியின் கையெழுத்தில் உள்ள கடிதத்தின் நடுவிலேயே ஆர்னால்டின் செய்தி ஒளிந்திருக்கிறது. கிளிண்டனின் காகிதங்கள் 20-ஆம் நூற்றாண்டில் அமெரிக்காவுக்கு வந்து, ஆராய்ச்சியாளர்கள் உட்கார்ந்து படித்த பிறகுதான் பெக்கிக்கும் எல்லாம் தெரியும் என்பது உறுதியானது.

அந்தக் கடிதங்களில் கொள்கை ரொம்பக் குறைவு. ஓடிப்போன பிறகு ஆர்னால்ட் அமெரிக்க மக்களுக்கு ஒரு பகிரங்கக் கடிதம் வெளியிட்டார், பிரான்ஸோடு கூட்டு வைத்தது பிடிக்கவில்லை, பிரிட்டன் சமாதானம் பேச வந்தும் காங்கிரஸ் கேட்கவில்லை, அதனால் மாறினேன் என்றார். அதில் கொஞ்சம் உண்மை இருக்கலாம். ரகசியக் கடிதங்களில் இருப்பது விலை. எது நடந்தாலும் 10,000 பவுண்டு வேண்டும் என்று கேட்டார், 6,000-க்கு மேல் முடியாது என்றது அந்தப் பக்கம். வெஸ்ட் பாயிண்ட் கோட்டையைத் தந்தால் 20,000 பவுண்டு, ஆனால் வெறும் கோட்டை இல்லை, உள்ளே 3,000 சிப்பாய்களும் பீரங்கிகளும் சேர்ந்து கிடைக்க வேண்டும் என்றது ஒப்பந்தம்.

இந்த வரியில் நில்லுங்கள். 3,000 பேர். ஆரம்பத்தில் கேட்ட கேள்விக்குப் பதில் இங்கேதான் இருக்கிறது என்று நினைக்கிறேன். கேலோவே கட்சி மாறியபோது பணயம் வைத்தது தன் வீட்டை, தன் பெயரை, தன் கழுத்தை. பிரகடனத்தில் கையெழுத்துப் போட்ட 56 பேரும் அப்படித்தான், பெயரைப் பெரிதாக எழுதி, யார் எந்தப் பக்கம் என்று எதிரிக்கே சொல்லிவிட்டுத்தான் போருக்குப் போனார்கள். ஆர்னால்ட் பதினாறு மாதம் அமெரிக்கச் சீருடையிலேயே இருந்தார், அந்தச் சம்பளத்தையே கேட்டுக்கொண்டு, அந்தச் சிப்பாய்களின் சல்யூட்டை வாங்கிக்கொண்டு, அவர்களையே எண்ணி விலை பேசினார். அவர்கள் தன்னை நம்புவதுதான் அவர் விற்ற சரக்கு. தமிழில் இதற்கு நல்ல சொல் இருக்கிறது, காட்டிக்கொடுப்பது. துரோகம் என்ற பொதுச்சொல்லைவிட இது கச்சிதம், ஏனென்றால் கூட இருப்பவன்தான் காட்டிக்கொடுக்க முடியும்.

வெஸ்ட் பாயிண்ட் எதற்கு அவ்வளவு விலை? ஹட்சன் ஆறு அங்கே இரண்டு முறை சடாரென்று வளைகிறது, பாய்மரக் கப்பல் எதுவும் வேகம் குறைக்காமல் திரும்ப முடியாது. 1778-இல் அந்த இடத்தில் ஆற்றின் குறுக்கே ஒரு இரும்புச் சங்கிலியைப் போட்டார்கள், ஒவ்வொரு கண்ணியும் 45 கிலோவுக்கு மேல், கீழே மரக்கட்டைகள் மிதந்து தாங்கிப் பிடிக்கும், குளிர்காலத்தில் பனிக்கட்டி அறுக்காமல் இருக்க இழுத்துக் கரையில் போடுவார்கள். இரண்டு கரையிலும் பீரங்கி. நியூயார்க் நகரம் பிரிட்டிஷார் கையில், இந்தக் கோட்டையும் போனால் ஆறு முழுக்க அவர்களுடையது, கிழக்கே இருக்கும் நியூ இங்கிலாந்து மாநிலங்கள் தனியாகத் துண்டாகிவிடும்.

1780 ஜூலைக் கடைசியில் வாஷிங்டன், பழைய சரடோகா வீரருக்கு மரியாதை செய்கிறோம் என்ற சந்தோஷத்தில், களப்படையின் ஒரு பெரும் பிரிவையே உங்களுக்குத் தருகிறேன் என்றார். ஆர்னால்டின் முகம் மாறிவிட்டது, நன்றி சொல்லக்கூட வாய் வரவில்லை. கால் சரியில்லை, வெஸ்ட் பாயிண்டே போதும் என்று கெஞ்சினார். வாஷிங்டனுக்கு அன்று விளங்கவில்லை, ஆனாலும் ஆகஸ்ட் 3-இல் கோட்டையைக் கொடுத்தார். அதன் பிறகு கோட்டையில் ரிப்பேர் ஒழுங்காக நடக்கவில்லை, சிப்பாய்கள் விறகு வெட்டவும் காவலுக்கும் என்று சிறு சிறு கூட்டமாக வெளியே போய்க்கொண்டிருந்தார்கள்.

செப்டம்பர் 21 நள்ளிரவில் ஆண்ட்ரே வல்ச்சர் என்ற பிரிட்டிஷ் போர்க்கப்பலிலிருந்து இறங்கி ஆற்றங்கரையில் ஆர்னால்டைச் சந்தித்தார். பேச்சு முடிய விடிந்துவிட்டது. எதிர்க்கரையில் இருந்த லிவிங்ஸ்டன் என்ற கர்னல், இந்தக் கப்பல் ரொம்ப நேரமாக நிற்கிறதே என்று பீரங்கியால் சுட, கப்பல் கீழே நகர்ந்துபோனது. இனி தரைவழிதான். கிளிண்டன் ஆண்ட்ரேயிடம் மூன்று விஷயம் சொல்லி அனுப்பியிருந்தார்: எதிரியின் காவல் எல்லைக்குள் போகாதே, சீருடையைக் கழற்றாதே, காகிதம் எதையும் வாங்காதே. மூன்றையும் மீறினார். ஜான் ஆண்டர்சன் என்ற பொய்ப் பெயரில் ஆர்னால்ட் எழுதித் தந்த பாஸ் சட்டைப் பையில், படைக் கணக்கும் பீரங்கிக் கணக்கும் கோட்டையின் பலவீனங்களும் எழுதிய ஆறு காகிதங்கள் காலுறைக்குள்.

23-ஆம் தேதி காலை டாரிடவுன் அருகே மூன்று ஊர்ப்படைப் பையன்கள் வழிமறித்தார்கள். பால்டிங், வான் வார்ட், வில்லியம்ஸ். பால்டிங் போட்டிருந்தது ஒரு ஜெர்மன் சிப்பாயின் கோட்டு, அதைப் பார்த்து ஏமாந்த ஆண்ட்ரே, நீங்கள் நம்ம ஆட்கள்தானே, நான் பிரிட்டிஷ் அதிகாரி என்று சொல்லிவிட்டார். பாஸை மட்டும் முதலில் நீட்டியிருந்தால் விட்டிருப்பார்கள். கடிகாரம் தருகிறேன், குதிரையைத் தருகிறேன் என்று சொன்னது இன்னும் சந்தேகத்தைக் கிளப்பியது. பூட்ஸைக் கழற்றச் சொன்னார்கள். மூவரில் எழுத்துக்கூட்டிப் படிக்கத் தெரிந்த பால்டிங், இவன் உளவாளி என்றார். இவ்வளவு பெரிய சதி ஒரு பழைய கோட்டில் தடுக்கி விழுந்தது.

அதன் பிறகும் ஒரு கோளாறு. ஆண்ட்ரேயைப் பெற்றுக்கொண்ட ஜேம்சன் என்ற அதிகாரி, காகிதங்களை வாஷிங்டனுக்கு அனுப்பிவிட்டு, இப்படி ஒருவனைப் பிடித்திருக்கிறோம் என்ற தகவலை ஆர்னால்டுக்கே அனுப்பினார், மேலதிகாரி அவர்தானே. 25-ஆம் தேதி காலை, வாஷிங்டன் வந்து சாப்பிடப் போகிறார் என்று வீட்டில் எல்லாம் தயாராக, ஆர்னால்ட் மேஜையில் உட்கார்ந்திருக்கும்போது அந்தக் கடிதம் வந்தது. படித்தார், எழுந்தார், மாடியில் கைக்குழந்தையோடு இருந்த பெக்கியிடம் இரண்டு வார்த்தை, கீழே வந்து குதிரை, ஆற்றங்கரை, படகு. கொஞ்ச நேரத்தில் வாஷிங்டன் வந்து சேர்ந்தார், கோட்டையைச் சுற்றிப் பார்த்து இது என்ன இப்படிக் கிடக்கிறது என்று வருத்தப்பட்டார், மதியத்துக்கு மேல்தான் காகிதங்கள் அவர் கைக்கு வந்தன. இனி யாரை நம்புவது என்று கேட்டாராம். பெக்கியோ மாடியில் தலைவிரி கோலமாக அலறிக்கொண்டிருந்தார். வாஷிங்டன், அவருடைய அதிகாரிகள் ஹாமில்டன், லஃபாயெட் மூவருமே அந்தப் பெண்ணுக்கு ஒன்றும் தெரியாது, பாவம் என்று நம்பினார்கள்.

ஆண்ட்ரேயை அக்டோபர் 2-இல் தூக்கில் போட்டார்கள். சீருடையோடு பிடிபட்டிருந்தால் போர்க்கைதி, மாற்று உடையில் பொய்ப் பெயரோடு எதிரி எல்லைக்குள் பிடிபட்டதால் உளவாளி, அன்றைய போர் வழக்கத்தில் உளவாளிக்குக் கயிறு. சிப்பாய்க்குரிய துப்பாக்கிச் சாவு வேண்டும் என்று கேட்டார், கிடைக்கவில்லை, சுருக்கைத் தன் கையாலேயே கழுத்தில் மாட்டிக்கொண்டார். ஆர்னால்டைத் தந்தால் ஆண்ட்ரேயைத் தருகிறோம் என்ற பேச்சு கிளிண்டனின் காதுக்கும் போனது. ஆண்ட்ரே மேல் அவருக்குப் பிள்ளைப் பாசம், ஆனாலும் ஒருமுறை திருப்பிக் கொடுத்துவிட்டால் இனி எவன் வருவான்?

ஆர்னால்டுக்கு 6,000 பவுண்டும் பிரிட்டிஷ் பிரிகேடியர் பதவியும் கிடைத்தன. 1781 ஜனவரியில் வர்ஜீனியாவுக்குள் போய் ரிச்மண்டை எரித்தார். செப்டம்பரில், தான் பிறந்த நார்விச்சுக்குப் பக்கத்துத் துறைமுகமான நியூ லண்டனை எரித்தார். எதிர்க்கரையில் கிரிஸ்வோல்டு கோட்டையில் இருந்த அமெரிக்கர்களைச் சரணடைந்த பிறகும் பிரிட்டிஷ் படை வெட்டியது, 80 பேருக்கு மேல் செத்தார்கள். அந்தக் கோட்டைக்குள் ஆர்னால்ட் இல்லை, ஆற்றின் இந்தப் பக்கம் இருந்தார், ஆனால் படை அவருடையது.

லண்டனில் உதவித்தொகை கிடைத்தது, பெக்கிக்கும் வருடத்துக்கு 500 பவுண்டு. நம்பிக்கை மட்டும் கிடைக்கவில்லை. 1784-இல் கிழக்கிந்தியக் கம்பெனியில் வேலை கேட்டார், அதாவது இந்தியாவுக்கு வரப் பார்த்தார். உங்கள் நடத்தை மேல் எனக்குக் குறையில்லை, ஆனால் பெரும்பாலோர் அப்படி நினைக்கவில்லையே என்று பதில் எழுதினார் அங்கிருந்த ஜார்ஜ் ஜான்ஸ்டன். இதே போரில் யார்க்டவுனில் சரணடைந்த காரன்வாலிஸை இந்தியாவுக்கே கவர்னர் ஜெனரலாக அனுப்பினார்கள், அவர்தான் திப்புவோடு போரிட்டு 1792-இல் பாராமகாலையும் (சேலம், தருமபுரிப் பக்கம்) திண்டுக்கல்லையும் கம்பெனிக்கு வாங்கிக் கொடுத்தவர். தோற்ற தளபதிக்கு வேலை இருந்தது, காட்டிக்கொடுத்த தளபதிக்கு இல்லை. பிற்பாடு ஆர்னால்டின் இரண்டு பிள்ளைகள் வங்காளப் படையில் வேலை பார்த்தார்கள். அவர் 1801 ஜூனில் லண்டனில் இறந்தார்.

சட்டத்தையும் ஒரு வார்த்தை சொல்லிவிடுகிறேன், கருத்தைப் புரிந்துகொள்ள வருகிறவர்களுக்கு அது உதவும். 1787-இல் எழுதிய அமெரிக்க அரசியல் சட்டத்தில் தேசத்துரோகத்துக்கு இலக்கணம் ரொம்பக் குறுகலானது: நாட்டுக்கு எதிராகப் போர் தொடுப்பது, அல்லது எதிரியோடு சேர்ந்து அவனுக்கு உதவுவது, அவ்வளவுதான். அதுவும் ஒரே வெளிப்படையான செயலுக்கு இரண்டு சாட்சி வேண்டும், அல்லது திறந்த நீதிமன்றத்தில் ஒப்புதல் வாக்குமூலம் வேண்டும். மன்னருக்குப் பிடிக்காதவன் எல்லாம் துரோகி என்று இழுத்த பழைய வழக்கத்தைத் தாங்களே பார்த்தவர்கள் என்பதால் வேண்டுமென்றே கஷ்டமாக எழுதினார்கள். அரசாங்கத்தைத் திட்டுவது துரோகம் இல்லை, போரை எதிர்ப்பது துரோகம் இல்லை, எதிர்க்கட்சிக்குத் தாவுவது துரோகமே இல்லை. இந்தச் சொல்லை ஆளாளுக்கு வீசுவதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு இந்த இரண்டு சாட்சி விதிதான் ஞாபகத்துக்கு வரும்.

படகில் நடந்ததைச் சொல்லாமல் விட்டுவிட்டேன். செப்டம்பர் 25 காலை ஆர்னால்டை ஏற்றிக்கொண்டு வல்ச்சர் கப்பல் நிற்கும் இடத்துக்குத் துடுப்புப் போட்டவர்கள் அவருடைய சொந்தப் படகுக்காரர்கள், அமெரிக்கச் சிப்பாய்கள், தலைவன் பெயர் ஜேம்ஸ் லார்வி. வெள்ளைத் துணி காட்டிக்கொண்டு போகிறோம், ஏதோ அவசரத் தூது என்றுதான் அவர்கள் நினைத்தார்கள், ஆற்றில் பல மைல் தூரம் மூச்சு வாங்க வலித்தார்கள். கப்பலில் ஏறியதும் ஆர்னால்ட் திரும்பி, நான் இந்தப் பக்கம் வந்துவிட்டேன், நீங்களும் வந்தால் பதவி உயர்வு வாங்கித் தருகிறேன் என்றார். லார்வி முடியாது என்றார். அதைக் கேட்டதும் ஆர்னால்ட் அவர்களைக் கைதிகளாகப் பிடித்து வைக்கச் சொன்னார். நியூயார்க் போன பிறகு அவர்களை விடுவித்தது கிளிண்டன்.